லான் அன்ரி பாடிய ஊர்

தம்பி,

போன ஞாயிற்றுக்கிழமை நீ தொலைபேசியில் கேட்ட கேள்விக்கு நான் பொய் சொன்னேன். வியட்நாமில் அவர்களுடைய புதுவருடத்துக்காகத் துறைமுக வேலையை ஒரு கிழமைக்கு நிறுத்துகிறார்கள் என்றும், உன்னோடு கிரேன் பூட்டி நிமிர்த்துகிற ஆட்கள் எல்லோரும் பஸ்ஸுக்கு இடம் பிடிக்க அலைகிறார்கள் என்றும் சொன்னாய். பிறகு, "எல்லாரும் ஊருக்குப் போகினம், அம்மா. நான் மட்டும் அறையில இருந்து என்ன செய்யிறது? லான் அன்ரி பாடுற அந்த ஊரைப் போய்ப் பாக்கப்போறன். அது எந்தப் பக்கம் எண்டு உங்களுக்குத் தெரியுமோ?" என்று கேட்டாய். நான் "தெரியாதடா" என்றேன். உடனே ஹம்பேர்க் மழையைப் பற்றிப் பேச்சை மாற்றினேன். அப்பா பக்கத்துக் கதிரையிலிருந்து என் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். தொலைபேசியை வைத்ததும், "இஞ்சேர், அவனுக்கு எப்ப சொல்லப்போறீர்?" என்று கேட்டார். நான்கு வருடமாக அவர் கேட்காமல் இருந்த கேள்வி அது.

வாயால் சொல்லத் தொடங்கினால் நான் எனக்குச் சாதகமாகவே சொல்லிவிடுவேன் என்று பயமாக இருக்கிறது. அதனால் எழுதுகிறேன். புதுவருட லீவு தொடங்குவதற்கு முன்னர் இது உன் கையில் கிடைத்துவிடும் என்று தபாற்கந்தோரில் சொன்னார்கள். ஆறுதலாக வாசி. கோபம் வந்தால் கொஞ்சம் வைத்துவிட்டுப் பிறகு வாசி. ஆனால் முழுவதையும் வாசி.

லானை நான் முதலில் கண்டது ஆஸ்பத்திரித் துணிகளைத் தோய்த்துக் கொடுக்கிற அந்தச் சலவைத் தொழிற்சாலையில். உனக்கு அப்போது எட்டு வயது. படுக்கை விரிப்புகளை மினுக்குகிற பெரிய உருளை இயந்திரத்துக்கு எப்போதும் இரண்டு பேர் வேண்டும். ஈர விரிப்பின் ஒரு மூலையை ஒருவரும் மறு மூலையை மற்றவரும் பிடித்து, ஒரே நேரத்தில் உருளைக்குள் கொடுக்க வேண்டும். ஒருவர் கொஞ்சம் பிந்தினாலும் துணி கோணலாகப் போய்ச் சுருண்டுவிடும். என்னை லானோடு சோடி சேர்த்தார்கள். என்னைவிடப் பதினாறு வயது மூத்தவர். புருஷனோடு படகில் ஏறி வியட்நாமை விட்டு வந்து, இங்கே அவரை நோயில் இழந்து, பிள்ளைகள் இல்லாமல் தனியாக இருந்தவர். இரண்டு பேருக்கும் ஜேர்மன்காரரின் டொச் மொழி அரைகுறை. நான் பிந்திக்கொண்டே இருந்தேன். மேற்பார்வைக்காரி இரண்டு நாள் முகத்தைச் சுளித்தாள். மூன்றாம் நாள் லான் மெல்லிய குரலில் பாடத் தொடங்கினார். நிறையச் சொற்களை ஒரே மூச்சில் சொல்லிக்கொண்டு போய், கடைசியில் ஓரிடத்தில் குரலை இறக்கி நிறுத்துவார். அந்த இறக்கத்தில் துணியை உருளைக்குள் கொடுப்பார். நானும் அதைக் கேட்டுக் கொடுத்தேன். அன்றைக்கு ஒரு விரிப்பும் சுருளவில்லை.

அதற்குப் பிறகு நடந்தது உனக்கே தெரியும். லானுக்கு இரண்டு மணிக்கு வேலை முடிந்துவிடும். எனக்கு ஆறு மணிவரை இழுக்கும். அப்பா சமையலறை வேலை முடித்து வர இன்னும் நேரமாகும். "பள்ளிக்கூடம் விட்டு என்னட்ட வரட்டும்" என்று லான்தான் சொன்னார். நானும் அவரும் பேசியதெல்லாம் டொச்சில்தான்; எங்கள் பேச்சிலேயே எழுதுகிறேன், எனக்கு அப்படித்தான் ஞாபகத்தில் இருக்கிறது. நீ அவர் வீட்டில் சூப் குடித்தாய், வீட்டுக்கணக்குச் செய்தாய், அவருடைய கசெற்றுகளைத் திருப்பித் திருப்பிப் போட்டுக் கேட்டாய். அந்தப் பாட்டு வகைக்கு வொங் கோ என்று பெயர், அதற்குப் பழையதை எண்ணி ஏங்குவது என்று அர்த்தம் என்று எனக்குச் சொல்லித் தந்தது நீதான். ஒற்றை மூங்கில் போட்ட பாலம், அதில் கூடையோடு நடந்து வருகிற அம்மா, வயலில் வந்திறங்குகிற வெள்ளைக் கொக்குகள், பின்னேரத்தில் வைக்கோல் எரிகிற புகை, துறையில் தோணிக்காகக் காத்து நிற்கிற பெண். இதையெல்லாம் நீ சாப்பாட்டு மேசையில் அப்பாவுக்கும் எனக்கும் விபரமாகச் சொல்வாய், ஏதோ கோடை விடுமுறைக்குப் போய்ப் பார்த்துவிட்டு வந்தவன் மாதிரி. அப்பா ரசித்துக் கேட்பார். நான் கோப்பைகளை எடுத்துக்கொண்டு எழும்பிவிடுவேன்.

ஏன் எழும்பினேன் என்று உனக்கு நான் ஒருநாளும் சொல்லவில்லை. கிளிநொச்சிப் பக்கம் நான் பிறந்த வீட்டைச் சுற்றி வயல்தான். பாட்டில் வருகிற எல்லாம் அங்கே இருந்தது. கொக்கும் இருந்தது, வைக்கோற் புகையும் இருந்தது. என் அம்மாவின் கால்விரல் இடுக்குகளில் மாரி முழுவதும் ஆறாத சேற்றுப்புண்ணும் இருந்தது. முழங்காலுக்குப் பின்னால் அட்டை கடித்தால் இரத்தம் நிற்க மணிக்கணக்காகும். நெல் அரிவு வெட்டு நாட்களில் மூத்த பெண் என்று என்னைப் பள்ளிக்கூடம் போகாமல் மறித்துவிடுவார்கள். ஓ.எல். பரீட்சை எழுதிய மார்கழியில் மழை விடாமல் பெய்து, கணக்குப் பாடத்தன்று விடியற்காலை வரம்பு உடைந்துவிட்டது. வெள்ளைச் சட்டை போட்டு, பின்னல் கட்டி, வாசலில் நின்ற என்னை ஐயா, உன் அம்மப்பா, கூப்பிட்டார். "பிள்ளை, மண் சாக்குப் பிடிக்க ஆளில்லை." சட்டையை மாற்றிக்கொண்டு போனேன். மத்தியானம் வரை இடுப்பளவு தண்ணீரில் நின்று சாக்குப் பிடித்தேன். வரம்பு நின்றது. கணக்குப் பரீட்சைக்கு நான் வரவில்லை என்று முடிவு வந்தது. ஐயா அதைப் பற்றிப் பிறகு ஒரு சொல்லும் பேசவில்லை, நானும் பேசவில்லை. நீ கணக்கில் நல்ல புள்ளி எடுத்து வரும்போதெல்லாம் நான் தேவைக்கு மேல் சந்தோஷப்பட்டதைப் பார்த்து நீ சிரித்திருக்கிறாய். காரணம் இதுதான். சேற்றைப் பற்றி யாராவது பாடினால் எனக்குப் பிடிக்காது. ஊர் ஊர் என்று உருகுகிறவர்களைப் பார்த்தால், இவர்கள் வரம்பிலே நின்று மற்றவர்களைப் பார்த்தவர்களாக்கும் என்று நினைப்பேன்.

லானைப் பற்றியும் அப்படி நினைக்க எனக்கு ஒரு காரணம் கிடைத்தது. ஒரு நாள் மத்தியானச் சாப்பாட்டு நேரம், சப்பாத்தைக் கழற்றிவிட்டுக் காலை நீட்டி இருந்தேன். கணுக்காலில் இருந்த பழைய அரிவாள் வெட்டின் தழும்பைப் பார்த்து லான் என்னவென்று கேட்டார். வயலைப் பற்றிச் சொன்னேன். கவனமாகக் கேட்டுக்கொண்டிருந்தவர் மெல்ல, "சேறு சூடா இருக்குமோ, குளிரா இருக்குமோ?" என்று கேட்டார். எனக்கு விளங்கவில்லை. இத்தனை வருடமாக வயலைப் பாடுகிற ஆள் கேட்கிற கேள்வியா இது. மத்தியானத்தில் மேல்தண்ணீர் சுடும், அடிச்சேறு குளிரும் என்றேன். அவர் அதைத் தனக்குள் ஒரு தரம் சொல்லிப் பார்த்தார். பிறகுதான் உண்மையைச் சொன்னார். அவர் பிறந்து வளர்ந்தது சாய்கோன் நகரத்தில், ஒரு தையற்கடையின் மேல்மாடியில். வயலில் ஒருநாளும் கால் வைத்ததில்லை. "ஒருத்தருக்கும் சொல்லாதையும். இஞ்ச எங்கட ஆக்கள் எல்லாரும் நான் ஆத்துப்பக்கத்து ஆள் எண்டுதான் நினைச்சுக்கொண்டிருக்கினம். நானும் இல்லையெண்டு சொல்லேல்லை" என்றார். சொல்ல மாட்டேன் என்று நான் தலையாட்டினேன்.

மார்க் காசு போய் யூரோ வர இருந்த அந்த மார்கழியில், தொழிற்சாலைச் சாப்பாட்டு அறையில் கிறிஸ்மஸ் விருந்து வைத்தார்கள். ஒவ்வொருவரும் தங்கள் நாட்டு வழக்கப்படி ஏதாவது செய்யலாம் என்று முதலாளி சொல்லியிருந்தார். போலந்துப் பெண்கள் இரண்டு பேர் சேர்ந்து பாடினார்கள். நான் வடை சுட்டுக்கொண்டு போனேன். லான் எழும்பி நின்று, நீலச் சட்டையின் முன்பக்கத்தை ஒருதரம் நீவிவிட்டுப் பாடினார். அறை முழுவதும் சத்தம் அடங்கிவிட்டது. மொழி தெரியாத நாற்பது பேர், அவர் குரல் இறங்கிய இடத்தில் ஒன்றாக மூச்சு விட்டது எனக்குக் கேட்டது. அர்த்தம் கேட்டார்கள், சொன்னார். பாலம், புகை, வயலில் குனிந்து நிற்கிற அம்மா. மேற்பார்வைக்காரி கண்ணைத் துடைத்துக்கொண்டு, "எவ்வளவு வடிவான குழந்தைப் பருவம்" என்று சொல்லிவிட்டு என்னைப் பார்த்தாள். "உனக்கும் அப்பிடித்தானே இருந்திருக்கும்?"

தம்பி, அந்த நேரம் என்னை யாரும் தள்ளவில்லை. குடித்திருக்கவில்லை. கோபம் என்று கூடச் சொல்ல ஏலாது. சரியானதைச் சொல்கிறேன் என்ற எண்ணம்தான் இருந்தது. "அவவுக்கு வயலெண்டா என்னெண்டு தெரியாது. தையற்கடைக்கு மேல பிறந்தவ. சேத்தில நிண்டது நான். அங்க ஒருத்தரும் பாடுறேல்லை" என்றேன். என் டொச் அன்றைக்கு ஒரு பிழையும் இல்லாமல் வந்தது. யாரோ ஒருத்தி சிரித்தாள். மற்றவர்கள் தங்கள் கேக்கைப் பார்த்தார்கள். லான் தன் கதிரைக்குத் திரும்பிப் போய் இருந்தார். நான் சுட்ட வடையில் ஒன்று அவருடைய தட்டில் இருந்தது. அதை மெதுவாகச் சாப்பிட்டு முடித்துவிட்டுத்தான் எழும்பிப் போனார்.

அடுத்த நாள் காலை இயந்திரத்துக்கு முன்னால் நின்றபோது, "நீர் சொன்னது சரிதான்" என்றார். பேச்சு அவ்வளவுதான். பாட்டும் நின்றுவிட்டது. இரண்டு கிழமை நாங்கள் ஒரு விரிப்பின் இரண்டு மூலைகளைப் பிடித்துக்கொண்டு, ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் வேலை செய்தோம். விரிப்புகள் சுருண்டன. நான் வேறு பிரிவுக்கு மாற்றம் கேட்டேன், கொடுத்தார்கள்.

இதுவரை சொன்னது லானுக்குச் செய்தது. இனிமேல் சொல்வது உனக்குச் செய்தது. உனக்கு அப்போது பதினேழு வயது. அவுஸ்பில்டுங் என்கிற தொழிற்பயிற்சி தொடங்கி நாலு மாதம். வளர்ந்த பிறகும் வியாழக்கிழமைகளில் வேலை முடிந்ததும் லான் வீட்டுக்குப் போய்ச் சூப் குடித்துவிட்டுத்தான் வருவாய். நீ அங்கே போனால் அவர் நடந்ததைச் சொல்லிவிடுவார், என் பிள்ளை என்னை ஒரு மாதிரிப் பார்ப்பான் என்று எனக்குப் பயம் வந்துவிட்டது. விருந்துக்கு அடுத்த புதன்கிழமை நீ சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது சொன்னேன், "தம்பி, லான் அன்ரி களைச்சுப் போனாவாம். நீ அடிக்கடி வாறது அவவுக்குக் கரைச்சலாம். எனக்குச் சொல்லி அனுப்பினவ." நீ நம்பவில்லை. "அன்ரியே சொன்னவவோ?" என்று இரண்டு தரம் கேட்டாய். நான் "ஓம்" என்றேன். நீ கரண்டியைத் தட்டில் வைத்தாய். பிறகு அவரைப் பற்றிப் பேசவேயில்லை. போன ஐப்பசியில் நீ வியட்நாமுக்குப் புறப்படும்போதுகூட, போகிறேன் என்று அவருக்குச் சொல்ல நீ போகாதது அதனால்தான் என்று எனக்குத் தெரியும்.

அவர் அப்படிச் சொல்லவில்லை. ஒரு சொல்லும் சொல்லவில்லை. அதை நான் உண்டாக்கினேன்.

சண்டை நின்று பாதை திறந்திருந்த அந்தக் கோடையில் அப்பாவும் நானும் வன்னியில் என் ஊருக்குப் போய் வந்தது உனக்கு ஞாபகம் இருக்கும். உனக்கு லீவு கிடைக்கவில்லை. திரும்பி வந்து எப்படி இருந்தது என்று கேட்டாய், வெயில் என்று சொன்னேன். நடந்தது வேறு. எங்கள் வளவில் வீடு இருந்த இடத்தில் படிக்கட்டு மட்டும் இருந்தது. வயலைச் சுற்றிக் கயிறு கட்டி, மண்டையோடு கீறிய சிவப்புப் பலகைகள் நட்டிருந்தார்கள். பக்கத்து வளவு அண்ணை ஓடி வந்தார். "தங்கச்சி, கயித்துக்கு அங்கால போகாதேங்கோ. இன்னும் மிதிவெடி கிளறி முடியேல்லை" என்றார். நெஞ்சளவு புல்லு. நான் சாக்குப் பிடித்த வரம்பு எங்கே இருந்தது என்று மட்டுக்கட்ட முடியவில்லை. அழுகை வரவில்லை. அப்பாதான் கேட்டார், "என்ன பாடுறீர்?" என்று. அப்போதுதான் என் வாயிலிருந்து சத்தம் வருவதை நானே கேட்டேன். சொல் இல்லை, மெட்டு மட்டும். லான் உருளைக்கு முன்னால் நின்று பாடுகிற மெட்டு. எனக்குத் தெரிந்த எத்தனையோ தமிழ்ப் பாட்டு இருக்க, நான் வெறுத்த பாட்டு என் வயலில் வைத்து என் வாயில் வந்தது. "ஒண்டுமில்லை" என்று அப்பாவுக்குச் சொன்னேன். வான் வண்டியில் ஏறிய பிறகு எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன், விருந்தில் பேசியதையும் உனக்குச் சொன்ன பொய்யையும். அவர் கேட்டுவிட்டு, "ஹம்பேர்க் போனவுடன அவவிட்டப் போம்" என்றார். நான் போகவில்லை. முதலில் வெட்கம். பிறகு, இவ்வளவு பிந்திவிட்டதே, இனி எப்படிப் போவது என்று ஒரு சாட்டு. பிந்திய ஒவ்வொரு மாதமும் அடுத்த மாதத்துக்குச் சாட்டாகியது. நீ வாழ்க்கையில் என்ன பிழை விட்டாலும் விடு, தம்பி. ஆனால் யாருக்குப் பிழை செய்தாயோ அந்த ஆள் வீட்டுக் கதவைத் தட்டுவதைத் தள்ளிப் போடாதே. பிழை செய்தது ஒரு நிமிஷம். தள்ளிப் போட்டது நாலு வருடம். எனக்குப் பாரமாக இருந்தது அந்த நாலு வருடம்தான்.

உன் தொலைபேசி வந்த பிறகு வந்த சனிக்கிழமை பின்னேரம், எஸ்-பான் ரயிலில் ஏறி வில்ஹெல்ம்ஸ்பூர்க்குக்குப் போனேன். அதே வீடு, மூன்றாம் மாடி. மணியை அடித்துவிட்டு இறங்கி ஓடிவிடலாமோ என்று நின்றேன். கதவைத் திறந்த லானுக்குத் தலை முழுவதும் நரைத்திருந்தது. வேலையை விட்டு ஓய்வு எடுத்துவிட்டாராம். என்னைப் பார்த்ததும் அவர் கேட்ட முதற் கேள்வி, "பெடியனுக்கு ஏதும் நடந்ததோ?" என்பதுதான். இல்லை, அவன் உங்கள் நாட்டில், துறைமுகத்தில் கிரேன் பூட்டுகிறான் என்றேன். "எங்கட நாட்டிலயோ?" என்றார். உள்ளே கூட்டிக்கொண்டு போனார்.

மேலங்கியைக் கழற்றாமலே எல்லாவற்றையும் சொன்னேன். விருந்தில் நான் பேசியதற்கு மன்னிப்புக் கேட்டபோது அவர் கையை அசைத்தார். "அதை நான் எப்பவோ மறந்திட்டன். நீர் சொன்னது உண்மைதானே, சொன்ன இடம்தான் பிழை." பிறகு உன்னிடம் நான் சொன்ன பொய்யைச் சொன்னேன். அவர் முகம் மாறியது. "நான் அவனை வர வேண்டாமெண்டு சொன்னனான் எண்டோ சொன்னீர்?" என்று கேட்டார். ஓம் என்றேன். "அவனுக்கு என்னை வெக்கமாக்கும், பொய்க்காரி எண்டு நினைச்சிட்டானாக்கும் எண்டு நான் இருந்தன். ரெண்டு வருசம் வியாழக்கிழமையில ரெண்டு பேருக்குச் சூப் வைச்சனான்." எழும்பிக் குசினிக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். கன நேரம் வரவில்லை. மடியில் கைப்பையை வைத்துக்கொண்டு இருந்தேன். போய்விடுவதுதான் மரியாதை என்று எழும்பியபோது, இரண்டு கோப்பையோடு வந்தார். கண் சிவந்திருந்தது. "இதை மன்னிக்க எனக்கு நேரம் வேணும். தேத்தண்ணி ஆறப்போகுது, குடியும்" என்றார். குடித்தேன்.

நீ அவருடைய ஊருக்குப் போகப் போகிறாய் என்றும், அப்படி ஒரு ஊர் இல்லை என்று உனக்குச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை என்றும் சொன்னேன். அவர் கோப்பையை ஒருதரம் திருப்பி வைத்தார். "ஊர் எங்கட அம்மாவின்ர" என்றார். "கலியாணம் முடிச்ச புதுசில சண்டைக்குப் பயந்து விட்டிட்டு ஓடி வந்தவ. பிறகு சாகும்வரைக்கும் திரும்பிப் போகேல்லை. கீழ தையற்கடை. மெசினை மிதிச்சுக்கொண்டு பாடுவா. பாட்டு இறங்கிற இடம் வந்தா அவவின்ர கால் நிக்கும், மெசினும் நிக்கும். நான் மேசைக்குக் கீழ இருந்து அந்தக் காலைப் பாத்துக்கொண்டிருப்பன், திரும்பவும் எப்ப மிதிப்பா எண்டு." பிறகு சொன்னார், "அவவுக்கு ஊர் இருந்தது. எனக்கு அவ இருந்தா. நான் பாடேக்கை எனக்குக் கண்ணுக்கு முன்னால வாறது வயல் இல்லை, அந்தக் கால்தான்."

பாட்டில் உள்ள வயல் சரியா பிழையா என்று பார்த்துக்கொண்டிருந்த எனக்கு, பாடுகிற ஆள் எதைப் பார்த்துக்கொண்டிருக்கிறார் என்று கேட்கத் தோன்றவில்லை. இன்னொன்றும் அந்தக் கதிரையில் இருந்தபோதுதான் எனக்கு உறைத்தது. என் ஊரைப் பற்றி உனக்கு நான் ஒன்றும் தரவில்லை. நல்லதைச் சொல்லப் பிடிக்கவில்லை, கெட்டதைச் சொல்ல மனம் வரவில்லை. ஏங்குவதற்கு உனக்கும் ஒரு ஊர் தேவைப்பட்டிருக்கிறது. கிடைத்ததை எடுத்துக்கொண்டாய், அது லானின் அம்மாவுடையது. அதில் பிழையில்லை. ஆனால் நீ திரும்பி வந்ததும் என்னிடம் கேள், நான் சொல்கிறேன். வரம்பு உடைந்ததையும் சொல்வேன். என் அம்மாவும் நானும் வயற்கரையில் இருந்து பழஞ்சோறு சாப்பிட்டுக்கொண்டு, ஐயாவின் நடையைப் பழித்துக் காட்டிச் சிரித்ததையும் சொல்வேன். அப்படியும் இருந்தது, அதையும் நான் மறைத்துத்தான் வைத்திருந்தேன்.

வன்னியில் அவருடைய மெட்டு என் வாயில் வந்ததை லானுக்குச் சொன்னேன். "எது?" என்றார். எனக்குத் தெரிந்த மாதிரி முனகிக் காட்டினேன். கண்ணை மூடிக் கேட்டார். "இறக்கம் பிழை. நீர் அவசரப்பட்டு இறங்கிறீர். இன்னும் கொஞ்சம் மேல நிண்டிட்டு வரவேணும்" என்று தானே பாடிக் காட்டினார். குரல் முந்தி மாதிரி இல்லை, நடுவில் இரண்டு இடத்தில் உடைந்தது. ஆனால் அந்த இடத்துக்கு வந்தபோது சரியாக வந்து நின்றார்.

புறப்படும்போது ஒரு தாளில் அவர்கள் மொழியில் இரண்டு வரி எழுதித் தந்தார். அதை இந்தக் கடிதத்தோடு வைத்திருக்கிறேன். அம்மா சொல்லக் கேட்ட பெயராம். அது ஊரின் பெயரா, அதன் பக்கத்தில் ஓடுகிற வாய்க்காலின் பெயரா என்று அவருக்கே நிச்சயமில்லை. மூன்று தோணி மாறிப் போக வேண்டும் என்று அவருடைய அம்மா சொல்வாராம். இப்போது எத்தனை பாலம் போட்டிருப்பார்களோ. உன்னோடு வேலை செய்கிறவர்களிடம் காட்டிக் கேள், யாருக்காவது தெரிந்திருக்கும். கிடைக்காவிட்டால் அலைந்து திரியாதே, கிடைக்கவில்லை என்று எழுது. அங்கே ஆற்றுத் தண்ணீரைக் குடிக்காதே. போகுமுன் லானுக்கு ஒரு தொலைபேசி எடு, எண் பழைய எண்தான். என்னைப் பற்றி அவரிடம் என்ன பேச வேண்டுமோ பேசு, எனக்குச் சொல்லத் தேவையில்லை. என்னோடு உனக்குக் கோபம் இருந்தால் அதையும் வைத்திரு. அப்பாவுக்கு மட்டும் கிழமைக்கு ஒருக்கால் எடு.

கதவடியில் நின்று சப்பாத்துப் போட்டுக்கொண்டிருக்கும்போது எனக்கு ஒரு பயம் வந்தது. "அவன் தேடிப் போய்ப் பாக்கேக்கை, அங்க இப்ப வாகனத்துக்கு எண்ணெய் அடிக்கிற ஒரு பெற்றோல் செற் மட்டும் இருந்தா என்ன செய்யிறது?" என்று கேட்டேன். லான் யோசித்தார். "பெற்றோல் செற் இருந்தா, பெற்றோல் செற் எண்டு எழுதட்டும்" என்றார். "எனக்கு அறுபத்தாறு வயசாச்சு. ஒரு பெற்றோல் செற்றைத் தாங்குவன்."

ஆகவே, இருப்பதை இருக்கிற மாதிரியே எழுது, தம்பி. அவருக்காக வடிவாக்காதே, எனக்காக வடிவில்லாமலும் ஆக்காதே. அடுத்த மாதம் முதல் வியாழக்கிழமைகளில் என்னை வரச் சொல்லியிருக்கிறார். உன் கடிதம் வந்தால் அதைக் கொண்டுபோய் அவர் வீட்டு மேசையில் வைத்து இரண்டு பேரும் சேர்ந்து வாசிப்போம் என்று பேசியிருக்கிறோம். அதனால் தமிழில் எழுதாதே, டொச்சில் எழுது.

அம்மா